தாய்வீட்டுக்கு வரும் சுறாக்கள்

மகளுக்குப் பிரசவமாகிப் பதினோராம் நாள். பால் சுறா வாங்கத் தூத்துக்குடியில் மீன் சந்தைக்குப் போயிருந்தேன். பிள்ளை பெற்றவளுக்குச் சுறாப் புட்டு கொடுத்தால் பால் நன்றாக ஊறும் என்பது எங்கள் பக்கத்தில் யாரும் மறுபேச்சுப் பேசாத நம்பிக்கை. என் அம்மா எனக்கு அவித்துக் கொடுத்தார், அவருக்கு ஆச்சி. சுறாவை மஞ்சள் போட்டு அவித்து, உப்புத்தாள் மாதிரி சொரசொரக்கும் தோலை உரித்து, சதையை உதிர்த்துப் பிழிந்து, சின்ன வெங்காயம், பூண்டு, இஞ்சி, மிளகு, கறிவேப்பிலையோடு நல்லெண்ணெயில் புரட்டி எடுக்க ஒரு காலைப்பொழுது ஆகும். முள் கிடையாது. சுறாவின் உடம்பில் எலும்பே இல்லை, எல்லாம் குருத்தெலும்புதான். பச்சை உடம்புக்காரிக்கு அதைவிட இதமான சாப்பாடு இல்லை என்றுதான் நானும் இத்தனை நாள் நினைத்திருந்தேன்.

மீன் விற்கும் அக்கா ஈரச் சாக்கின் மேல் ஏழெட்டுச் சுறாக்களை அடுக்கியிருந்தார். எதுவும் ஒரு முழம்கூட இல்லை. “பிள்ள பெத்த வீட்டுக்காம்மா? அப்போ இத எடுத்துக்கிடுங்க” என்று ஒன்றைப் புரட்டிப் போட்டார். வெள்ளை வயிறு மேலே வந்தது. இரண்டு பக்கத் துடுப்புகளுக்கும் நடுவில், நகத்தால் கீறியதுபோல ஒரு சின்னக் கீறல். ஓரம் இளஞ்சிவப்பாக இருந்தது, இன்னும் முழுக்க மூடவில்லை. வலையில் கிழிபட்ட காயமா என்று கேட்டேன். “காயம் இல்லம்மா, தொப்புளு. பொறந்து ரெண்டு மூணு நாள்தான் இருக்கும்” என்றார். மற்றவற்றையும் ஒவ்வொன்றாகத் திருப்பிக் காட்டினார். எல்லாவற்றிலும் இருந்தது. வீட்டில் என் பேரனுக்குத் தொப்புள்கொடி விழுந்து அன்றைக்கு மூன்று நாள்.

மீன் என்றால் முட்டையிடும், குஞ்சு பொரிக்கும் என்றுதான் பள்ளிக்கூடத்தில் படித்தோம். சுறாக்களில் பெரும்பாலானவை குட்டி போடுபவை. பால் சுறா தன் கருவை ஏறத்தாழ ஓராண்டு வயிற்றில் சுமக்கிறது. நம்மைப் போலவே கொடி வழியாகக் கருவுக்குச் சத்து போகிறது. ஓர் ஈற்றுக்கு ஒன்று முதல் எட்டுக் குட்டிகள். பிறக்கும்போது குட்டியின் நீளம் 25 முதல் 39 சென்டிமீட்டர் வரை. சந்தையில் நான் பார்த்தவை அந்த அளவுதான். ஒரு மத்தி மீன் பல்லாயிரம் முட்டை இடும். அந்த முட்டையில் வந்தது ஓராண்டு போவதற்குள் தானும் முட்டையிடும் பருவத்துக்கு வந்துவிடும். சுறாவுக்கு அது முடியாது. பெரிய சுறா இனங்கள் பலவும் பருவமடையவே பத்து ஆண்டுக்கு மேலாகும். மாட்டைப் போலவும் யானையைப் போலவும் ஈனுகிற ஓர் உயிரை, மத்தியை வாருவதுபோல வாரிக்கொண்டிருக்கிறோம்.

பால் சுறாவுக்கு ஆங்கிலத்திலும் அதே பொருளில்தான் பெயர். தாய்ப்பால் பெருகும் என்ற நம் நாட்டு நம்பிக்கையிலிருந்து போன பெயர் அது. ஆனால், சந்தையில் பால் சுறா என்று விற்பதெல்லாம் பால் சுறா அல்ல. கையளவுக் குட்டியாக இருந்தால் அந்தப் பெயரில் போய்விடுகிறது. கொம்பன் சுறாவின் குட்டியும் அதில் இருக்கும், கருமுனைத் துடுப்புச் சுறாவின் குட்டியும் இருக்கும். வளர்ந்தால் ஆளைவிட நீளமாகக்கூடிய இனங்கள் அவை. தலையை வெட்டித் தோலை உரித்த பிறகு எது எதுவென்று வாங்குகிறவருக்கு எப்படித் தெரியும்?

சுறாவும் மனிதனும் என்று பேச்செடுத்தால் பலருக்கும் மனதில் ஓடுவது வேறு காட்சி. 1975-இல் வந்த ‘ஜாஸ்’ திரைப்படம், கடலில் குளிப்பவரைக் கீழிருந்து கவ்வும் வாயாக மட்டுமே சுறாவை உலகத்துக்குக் காட்டியது. அதற்கு மூலமான நாவலை எழுதிய பீட்டர் பெஞ்ச்லி பிற்காலத்தில் அதற்காக வருந்தினார். 2006-இல் இறக்கும்வரை சுறாக்களின் பாதுகாப்புக்காகப் பேசினார், எழுதினார். உலகெங்கும் நடக்கும் சுறாக் கடிகளை அமெரிக்காவின் புளோரிடா இயற்கை வரலாற்று அருங்காட்சியகம் பதிவு செய்துவருகிறது. மனிதர் சீண்டாமல் சுறா தானாகக் கடித்தவை 2023-இல் 69, 2024-இல் 47. அப்படிக் கடிபட்டு 2024-இல் உயிரிழந்தவர்கள் 4 பேர். உலகம் முழுவதற்கும் சேர்த்த கணக்கு இது. இவற்றில் பெரும்பகுதி அமெரிக்காவிலும் ஆஸ்திரேலியாவிலும் நடப்பவை. ஆஸ்திரேலியாவின் நியூ சவுத் வேல்ஸில் 1937 முதல் கடற்கரைகளுக்கு எதிரே சுறா வலை கட்டுகிறார்கள். அந்தக் கரைகளின் கவலை அது. பிள்ளையைப் பறிகொடுத்தவர்களின் துயரத்தை நான் சிறிதாக எண்ணவில்லை. ஆனால், அந்தப் பயத்தை நம் கடற்கரைக்கு இரவல் வாங்க வேண்டிய தேவை இல்லை. நம் மீனவர்களைச் சுறா கடிப்பது பெரும்பாலும் தூண்டிலில் மாட்டி, படகுக்குள் ஏற்றப்பட்டு, உயிருக்குத் துடிக்கும் நேரத்தில்தான். மற்றபடி இந்தக் கரையில் சுறாவும் மனிதரும் நேருக்கு நேர் பார்த்துக்கொள்வது அந்த ஈரச் சாக்கின் மேல்தான்.

பயந்த காலம் நமக்கும் இருந்தது. மன்னார் வளைகுடாச் சலாபங்களில் முத்துக்குளித்தவர்கள் கல்லின் கனத்தில் மூச்சைப் பிடித்து அடிமட்டத்துக்கு இறங்கினார்கள். சுறாவின் வாயைக் கட்ட ஓர் ஆள் இருந்தால்தான் இறங்குவார்கள். அவருக்குக் ‘கடல்கட்டி’ என்று பெயர். 13-ஆம் நூற்றாண்டின் இறுதியில் இந்தப் பக்கம் வந்த மார்க்கோ போலோ, மீன்களை மந்திரத்தால் கட்டுகிறவர்களுக்கு எடுக்கும் முத்தில் இருபதில் ஒரு பங்கு போகிறது என்று எழுதிவைத்தார். பகலுக்கு மட்டுந்தான் கட்டு. பொழுது சாய்ந்ததும் அவிழ்த்துவிடுவார்கள். அவிழ்த்த கடலில் இறங்க எவருக்கும் துணிவு வராது என்பதால் இரவில் முத்துத் திருட்டும் நடக்காது. 19-ஆம் நூற்றாண்டில் இலங்கையை ஆண்ட பிரிட்டிஷ் அரசும் கடல்கட்டியைத் தன் செலவில் வைத்துக்கொண்டது. அவர் வராமல் குளிப்பவர்கள் படகை விட்டு இறங்க மறுத்தார்கள். அதே காலத்தில் இலங்கையைப் பற்றி விரிவாக எழுதிய எமர்சன் டென்னென்ட், சலாபத்தில் சுறாவால் ஆபத்து நேர்வது மிக அரிது என்றும் குறித்திருக்கிறார். அத்தனை படகுகளும் அத்தனை பேரின் கூச்சலும் சுறாவை விலக்கியிருக்கும். எனக்கு இதில் மந்திரத்தைவிட அந்த முறை முக்கியமாகப் படுகிறது. கடலில் எப்போது இறங்கலாம், எப்போது இறங்கக் கூடாது என்று சொல்ல ஒருவர் இருந்தார், அவர் பேச்சுக்கு மதிப்பும் இருந்தது.

அதற்கும் முன்னால், காவிரிப்பூம்பட்டினத்துப் பரதவர் முழுநிலா நாளில் கடலுக்குப் போகாமல், சினைச் சுறாவின் கொம்பை நட்டு வழிபட்டதைப் பட்டினப்பாலை சொல்கிறது. கொம்புடைய அந்தச் சுறாவை, வாள்போல் நீண்ட மூக்குள்ள வேளா மீன் என்று கொள்பவர்கள் உண்டு. எனக்கும் அதுவே சரியாகப் படுகிறது. சுறாவைப் பிடித்து உண்டவர்கள்தாம் அவர்கள். ஆனாலும் வழிபாட்டுக்கு அவர்கள் எடுத்தது சினையாக இருந்த சுறாவின் கொம்பை. இன்று அந்த வேளா மீனை நம் கடலில் கண்டேன் என்று சொல்லும் மீனவரைத் தேடித்தான் பிடிக்க வேண்டும்.

சுறா கரைக்கு ஏன் வருகிறது? இரைக்காக என்பது பாதிப் பதில். முகத்துவாரம், அலையாத்திக் காடு, கடல்புல் வெளி எனக் கரையோரம் ஆழம் குறைந்து, நீர் கலங்கிக் கிடக்கும். குட்டிகளைத் தின்னும் பெரிய சுறாக்கள் அங்கே அதிகம் நுழைவதில்லை. இறாலும் சிறுமீனும் தாராளம். தாய் அங்கே வந்து ஈன்றுவிட்டு ஆழத்துக்குத் திரும்பிவிடுகிறது. குட்டிக்கு வேறு காவல் இல்லை. அந்தக் கலங்கல் நீர்தான் காவல். சில மாதங்கள், சில இனங்களில் சில ஆண்டுகள், குட்டிகள் அந்த இடத்தைவிட்டு அகலுவதில்லை.

பஹாமாஸ் தீவுகளில் பிமினி என்ற இடத்தில் எலுமிச்சைச் சுறாக்களை ஆய்வாளர்கள் இருபது ஆண்டுகள் விடாமல் பின்தொடர்ந்தார்கள். 1990-களில் அங்கே பிறந்த குட்டிகளைப் பிடித்து, அடையாளம் இட்டு, மரபணுவைப் பதிந்து, திரும்பக் கடலில் விட்டார்கள். அவற்றில் சில பெண் சுறாக்கள், பதினான்கு முதல் பதினேழு ஆண்டுகள் கழித்து, கருவுற்று, தாங்கள் பிறந்த அதே இடத்துக்கு வந்து குட்டி போட்டன. 2013-இல் வெளியான அந்த ஆய்வைப் படித்தபோது என் மகள் ஏழாம் மாதத்தில் பெட்டியோடு வீட்டுப் படியேறியது நினைவுக்கு வந்தது. பிரசவத்துக்குத் தாய்வீடு வருவது நம் ஊர் வழக்கம் மட்டுமல்ல போலிருக்கிறது.

இந்த ஒப்புமையை எனக்கு முன்பே ஒருவர் சொல்லி, அதனால் ஒரு கரையே மாறியிருக்கிறது. குஜராத்தின் சௌராஷ்டிரக் கரையில், வெராவல் பக்கம், உலகிலேயே பெரிய மீனான திமிங்கலச் சுறாவை 1990-களில் ஏராளமாகக் கொன்றார்கள். நம் மீனவர்கள் அம்மணி உழுவை என்பார்கள், அதுதான். கல்லீரல் எண்ணெயைப் படகுக்குப் பூசினார்கள், இறைச்சியை ஏற்றுமதி செய்தார்கள். மைக் பாண்டே 2000-இல் எடுத்த ஆவணப்படம் அந்தக் கொலையை வெளியே காட்டியது; 2001-இல் அதைக் கொல்வது சட்டப்படி தடைசெய்யப்பட்டது. சட்டம் வந்ததும் எல்லாம் மாறிவிடவில்லை. 2004-இல் இந்திய வனவிலங்கு அறக்கட்டளையும் மாநில வனத்துறையும் இயக்கம் தொடங்கியபோது, ராமகதை சொல்லும் மொராரி பாபுவை அழைத்தார்கள். அவர் மீனவர்களிடம் சொன்னது இதுதான்: பிள்ளைப்பேற்றுக்குத் தாய்வீடு வரும் மகள் இவள், வாசலுக்கு வந்தவளைக் கொல்வீர்களா? ‘வ்ஹாலி’, செல்லமானவள், என்று பெயர் வைத்தார்கள். மீனவர்கள் தங்கள் வலையைத் தாங்களே அறுத்து அவளை விட்டார்கள். அறுத்த வலைக்கு அரசு இழப்பீடு கொடுத்தது. இன்றுவரை நூற்றுக்கணக்கில் விடுவித்திருக்கிறார்கள். பக்திப் பேச்சு மட்டும் இதைச் செய்யவில்லை, பணம் மட்டுமாவது செய்திருக்குமா என்றால் அதுவும் இல்லை. இரண்டும் ஒரே நேரத்தில் மீனவனின் கைக்கு வந்தன.

நம் பக்கத்துச் சுறாக்களுக்கு அந்த இரண்டில் ஒன்றும் வரவில்லை. வந்தது பட்டியல். 2001 ஜூலையில் மத்திய அரசு எல்லாச் சுறா, திருக்கை இனங்களையும் வனவுயிர்ப் பாதுகாப்புச் சட்டத்துக்குள் கொண்டுவந்தது. பிழைப்பு போகிறதே என்று மீனவர்கள் எதிர்த்தார்கள்; டிசம்பரில் அது 10 இனங்களாகச் சுருங்கியது. 2013-இல் சுறாவின் துடுப்பான பீலியை மட்டும் அறுத்துவிட்டு உடலைக் கடலில் எறிவது தடுக்கப்பட்டது. 2015-இல் சுறாப் பீலி ஏற்றுமதிக்குத் தடை வந்தது. 2022-இல் சட்டத்தைத் திருத்திப் பட்டியலை நீட்டினார்கள். இவை வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. ஆனால், அந்த முதல் பத்தில் ஒரு பெயர் பாண்டிச்சேரிச் சுறா. ஏறத்தாழ ஒரு மீட்டர் மட்டுமே வளரும் சின்னச் சுறா அது. புதுச்சேரியில் கிடைத்ததைக் கொண்டு 1839-இல் அறிவியல் உலகுக்கு அறிமுகமானது. உலக அருங்காட்சியகங்கள் எல்லாவற்றிலும் சேர்த்து இருபது மாதிரிகள்கூட இல்லை. கடைசியாக அது உறுதியாகக் கிடைத்தது 1979-இல். சட்டத்தின் பாதுகாப்பு அதற்கு 22 ஆண்டு கழித்து வந்தது. நம் ஊர்ப் பெயரைத் தாங்கிய ஒரு மீன் எப்படி நீந்தும் என்று இன்று நம்மில் யாருக்கும் தெரியாது. இதை எழுதும்போது எனக்கு வலிக்கிறது.

பட்டியலில் இருக்கும் இனத்தின் குட்டி வலையில் ஏறிவிட்டால் மீனவர் என்ன செய்வார்? வலை ஆள் பார்த்துப் பிடிப்பதில்லை. கடலில் மூழ்கிக் கிடந்த செவுள் வலையை இழுக்கும்போது குட்டி பெரும்பாலும் செத்திருக்கும். அதைக் கரைக்குக் கொண்டுவந்தால் குற்றம், கடலில் எறிந்தால் யாருக்கும் பயனில்லை. எந்தக் குட்டி பட்டியலில் உள்ளது, எது இல்லை என்று படித்தவர்களுக்கே பிரித்துப் பார்க்கத் தெரியாதபோது, அதிகாலை நான்கு மணிக்கு அலையில் ஆடும் வள்ளத்தில் அவர் எப்படிப் பிரிப்பார்? கன்னியாகுமரி மாவட்டத்துத் தூத்தூர்ப் பக்கத்து மீனவர்கள் சுறாவுக்காகவே ஆழ்கடலில் வாரக்கணக்கில் தங்கித் தொழில் செய்தவர்கள். பீலித் தடைக்குப் பிறகு விலை விழுந்தது, கடன் விழவில்லை. அவர்களோடு உட்கார்ந்து பேசாமல் எழுதப்படும் எந்தப் பட்டியலும் கடலுக்குப் போய்ச் சேராது.

சந்தையில் அந்த அக்காவிடம் நான் கேட்டேன்: இவ்வளவு சின்னதை ஏலத்தில் எடுக்காமல் இருந்தால் என்ன? அவர் கோபப்படவில்லை. “நான் எடுக்காட்டி இன்னொருத்தி எடுப்பா. வராம இருக்கச் சொல்லுங்கம்மா. முன்னெல்லாம் பெருசா வரும், துண்டு போட்டு விப்போம். இப்போ குட்டிதான் வருது” என்றார். பெரிய அறிவியல் இதழ்கள் சொல்வதும் அதைத்தான். திறந்த பெருங்கடலில் வாழும் சுறா, திருக்கைகளின் எண்ணிக்கை 1970 முதல் 71 விழுக்காடு குறைந்துவிட்டது என்று 2021-இல் ‘நேச்சர்’ இதழ் வெளியிட்டது. உலகில் அதிகமாகச் சுறா பிடிக்கும் நாடுகளின் வரிசையில் இந்தியா நெடுங்காலமாக முன்னணியில் இருக்கிறது. பெரியது தீர்ந்த பிறகு குட்டியில் கைவைப்பது, விதைநெல்லைக் குத்திச் சமைப்பது.

அடுப்படிக்கும் இதில் பங்கு உண்டு, ஒரு தாயாக அதை நான் சொல்லியாக வேண்டும். சுறா உணவுச் சங்கிலியின் மேல்தட்டில் இருப்பது. கீழே உள்ள மீன்களில் இருக்கும் பாதரசம் அதன் உடம்பில் சேர்ந்துகொண்டே போகும். அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகம் கருவுற்ற பெண்களும் பாலூட்டும் தாய்மாரும் தவிர்க்க வேண்டிய மீன்களில் சுறாவையும் வைத்திருக்கிறது. குட்டியில் பாதரசம் பெரியதைவிடக் குறைவாகத்தான் இருக்கும்; அதைச் சொல்லாமல் விடுவது நேர்மையில்லை. ஆனால், பால் சுரப்பது முதன்மையாகக் குழந்தை எத்தனை முறை குடிக்கிறது என்பதைப் பொறுத்தது. அதோடு தாய்க்கு நல்ல சாப்பாடும் தூக்கமும் வேண்டும். பால் ஊற மீன்தான் வேண்டும் என்றால் நம் கிழவிகள் இன்னொன்றும் சொல்லிவைத்திருக்கிறார்கள்: காரல். சென்னைக்காரர்களுக்குக் காரப்பொடி. மிளகும் பூண்டும் தட்டிப்போட்டுக் காரல் குழம்பு வைப்பது சுறாப் புட்டுக்கு எந்த வகையிலும் குறைந்த மருந்தல்ல. விலை மலிவு, சீக்கிரம் பெருகும் மீன். அதை இழுவைமடியில் வாரித் தீவன ஆலைக்கு அனுப்பிவிட்டு, இப்போதுதான் பிறந்த சுறாவைத் தாய்மார் தட்டில் வைக்கிறோம்.

அன்றைக்கு நான் காரல்தான் வாங்கிவந்தேன். ஆனால், நான் ஒருத்தி வாங்காததால் எதுவும் மாறாது என்று அந்த அக்கா சொன்னது சரி. குட்டி கரைக்கு வராமல் இருக்க வேண்டிய வேலை அரசாங்கத்தினுடையது. கரையை ஒட்டிய கடலில் விசைப்படகுகள் மீன்பிடிக்கக் கூடாது என்று தமிழ்நாடு 1983-இலேயே சட்டம் செய்தது. சுறாக் குட்டிகள் வளர்வது அந்தப் பட்டையில்தான். புதிதாக ஒரு வரிகூட எழுதாமல், இருக்கும் சட்டத்தைக் காவல் படகு வைத்துக் காத்தாலே பல குட்டிகள் பிழைக்கும். அங்கே இரட்டைமடி வலை கடலின் அடியைச் சுரண்டுவதும் நிற்கும். பாக் விரிகுடாவில் ஆவுளியா என்ற கடல்பசுவுக்காக 2022-இல் 448 சதுர கிலோமீட்டர் கடலைக் காப்பகமாக அறிவித்தோம். வலையில் சிக்கிய ஆவுளியாவை உயிரோடு விடும் மீனவருக்கு வெகுமதி கொடுக்கிறோம். அதே கடல்புல்லில்தான் சுறாக் குட்டியும் திரிகிறது. அதை உயிரோடு விடுபவருக்கும் ஏன் கொடுக்கக் கூடாது? முதலில் கரைவலையில் தொடங்கலாம். கரைவலையில் வரும் குட்டி பெரும்பாலும் உயிரோடு இருக்கும். மணலில் கிடந்து வாய் பிளப்பதற்குள் தண்ணீரில் விட்டால் போய்விடும்.

குட்டிகள் எங்கே, எந்த மாதத்தில் அதிகம் படுகின்றன என்பது ஒவ்வொரு துறையிலும் ஏலம் கூறுபவருக்குத் தெரியும், வலை இழுப்பவருக்கும் தெரியும். அந்த இடங்களை அந்த மாதங்களில் மட்டும் மூடி, மூடிய நாளுக்கு நிவாரணம் கொடுத்தால் மீனவர்களே காவல் நிற்பார்கள். பகலுக்குக் கட்டி இரவுக்கு அவிழ்க்கும் முறையை ஏற்ற கரை இது. ஆண்டுதோறும் ஏப்ரல் 15-இல் கிழக்குக் கரையின் 61 நாள் மீன்பிடித் தடைக்காலம் தொடங்குகிறது. அடுத்த தடைக்காலத்துக்குள் தொடங்கிவிடலாம்: துறைமுகத்துக்கு ஓர் ஆள், ஓர் அளவுகோல், ஒரு நோட்டு போதும். வேலைக்கு மீனவர் வீட்டுப் பிள்ளைகளையே எடுக்கலாம், சம்பளத்தோடு. ஒவ்வொரு சுறாக் குட்டியையும் புரட்டிப் போட்டு அவர்கள் எழுத வேண்டியது இவ்வளவுதான்: என்ன இனம், எத்தனை சென்டிமீட்டர், எந்த இடத்தில் பட்டது, தொப்புள் மூடியிருக்கிறதா, இன்னும் திறந்திருக்கிறதா.